வீட்டுக் கடன்: மூலப்பத்திரம் கைக்குத் திரும்பும் நாள்வரை ஆகும் செலவைக் கணக்கிடுவது எப்படி?

கடலூரிலும் புதுச்சேரியிலும் வீடு வாங்கப் போகிறவரிடம் வங்கிக்காரரும் சரி, வீட்டை விற்பவரும் சரி, முதலில் கேட்பது "மாதம் எவ்வளவு கட்ட முடியும்?" என்பதைத்தான். கேட்பவருக்கு அது வசதியான கேள்வி. காலத்தை நீட்டிக்கொண்டே போனால் எவ்வளவு பெரிய தொகையையும் ஒருவருடைய சம்பளத்துக்குள் அடக்கிவிட முடியும். வாங்குகிறவர் தமக்குத் தாமே கேட்டுக்கொள்ள வேண்டிய கேள்வி வேறு: அடமானமாகக் கொடுக்கும் மூலப்பத்திரம் திரும்பக் கைக்கு வரும் நாள்வரை, இந்த வீட்டுக்காக என் பணம் மொத்தம் எவ்வளவு வெளியே போகும்? அந்தத் தொகையை நோட்டுப் புத்தகத்திலோ எக்செல்லிலோ நீங்களே போட்டுப் பார்க்கும் வழியைக் கீழே காணலாம்.

கணக்குக்காக ஒரு வீட்டை வைத்துக்கொள்வோம். கடலூர் செம்மண்டலம் பக்கத்தில் 40 லட்சம் ரூபாய் விலை. அதில் 10 லட்சம் கைமுதல், 30 லட்சம் வங்கிக் கடன். வட்டி ஆண்டுக்கு 8.5 சதவீதம், காலம் 20 ஆண்டு. நீங்கள் கடன் வாங்கும் நாளில் வட்டி வேறாக இருக்கலாம், ஆனால் கணக்குப் போடும் முறை மாறாது.

தவணைக்குள் அசல் எவ்வளவு, வட்டி எவ்வளவு

மேற்சொன்ன கடனுக்கு மாதத் தவணை ஏறத்தாழ 26,035 ரூபாய். எக்செல்லில் தவணையைக் கணக்கிடும் பி.எம்.டி. (PMT) சூத்திரத்தில் மாத வட்டி, மாதங்களின் எண்ணிக்கை, கடன் தொகை ஆகிய மூன்றையும் கொடுத்தால் இந்த எண் வந்துவிடும். 240 மாதங்களுக்குப் பெருக்கினால் 62 லட்சத்து 48 ஆயிரம். அதாவது வாங்கியது 30 லட்சம், வட்டி மட்டும் 32 லட்சத்து 48 ஆயிரம். பலரும் இந்த இடத்திலேயே நிறுத்திவிடுகிறார்கள். இந்த வட்டி எந்த ஆண்டுகளில் போகிறது என்பதையும் பார்த்தால்தான் பின்னால் எடுக்க வேண்டிய முடிவுகள் விளங்கும்.

ஒரு அட்டவணையில் நான்கு பத்திகள் போடுங்கள்: மாதத் தொடக்கத்தில் உள்ள பாக்கி, அந்த மாத வட்டி, அசலில் கழிவது, மாத முடிவில் நிற்கும் பாக்கி. பாக்கியை 8.5 சதவீதத்தால் பெருக்கி 12-ஆல் வகுத்தால் அந்த மாத வட்டி கிடைக்கும். முதல் மாதம் 30,00,000 பாக்கிக்கு வட்டி 21,250 ரூபாய். கட்டிய 26,035-இல் இது போக மிஞ்சும் 4,785 ரூபாய்தான் அசலுக்குப் போகிறது. பாக்கி 29,95,215 என்று நிற்கிறது. இரண்டாம் மாத வட்டி 21,216, அசல் 4,819. இந்த இரண்டு வரிகளைக் கையால் எழுதிவிட்டு, மிச்சத்தை எக்செல்லில் இழுத்துவிட்டால் போதும்.

அப்படி இழுத்துப் பார்த்தால் முதல் 5 ஆண்டுகளில் 15 லட்சத்து 62 ஆயிரம் கட்டியிருப்பீர்கள். அசலில் குறைந்திருப்பது 3 லட்சத்து 56 ஆயிரம் மட்டுமே. தவணையில் வட்டியைவிட அசலின் பங்கு அதிகமாவது 143-ஆவது மாதத்தில்தான். வாங்கிய கடன் பாதியாகக் குறைவதற்கு 166 மாதங்கள், அதாவது கிட்டத்தட்ட 14 ஆண்டுகள் ஆகின்றன. இதில் வங்கி ஏமாற்று ஏதும் இல்லை; பாக்கி பெரிதாக இருக்கும்போது வட்டியும் பெரிதாக இருக்கும், அவ்வளவுதான். ஆனால் ஏழாம் ஆண்டில் வேலை மாற்றத்தால் வீட்டை விற்க நேர்ந்தவர், "இவ்வளவு நாள் கட்டியும் இவ்வளவு பாக்கியா?" என்று திகைப்பது இந்தக் கணக்கை முன்னரே போட்டுப் பார்க்காததால்தான்.

இதே கடனை 15 ஆண்டுக்கு எடுத்தால் தவணை 29,542. மொத்த வட்டி 23 லட்சத்து 18 ஆயிரம். 30 ஆண்டுக்கு எடுத்தால் தவணை 23,067. மொத்த வட்டி 53 லட்சத்து 4 ஆயிரம். 20 ஆண்டை 30 ஆண்டாக நீட்டுவதால் மாதம் மிஞ்சுவது 3,000 ரூபாய்க்கும் கொஞ்சம் குறைவு. அந்தச் சலுகைக்கு நீங்கள் கொடுக்கும் விலை 20 லட்சத்துக்கும் மேல். தவணை கட்டுப்படியாகவில்லை என்றால் காலத்தை நீட்டுவதைவிடச் சிறிய வீடு பார்ப்பதோ, கைமுதல் சேரும்வரை ஓரிரு ஆண்டு வாடகையில் இருப்பதோ மேல் என்பது என் கருத்து.

வட்டி ஏறும்போது தவணை ஏறாமல் இருந்தால்

2019 அக்டோபர் 1 முதல் வங்கிகள் புதிதாகத் தரும் மாறும் வட்டி வீட்டுக் கடன்கள், ரெப்போ (ரிசர்வ் வங்கி மற்ற வங்கிகளுக்குக் கடன் தரும் வட்டி விகிதம்) போன்ற வெளி அளவுகோல் ஒன்றுடன் இணைக்கப்பட்டிருக்க வேண்டும். மூன்று மாதத்துக்கு ஒரு முறையாவது அந்த வட்டி திருத்தப்பட வேண்டும். ஆகவே ரிசர்வ் வங்கி ரெப்போவை மாற்றினால் உங்கள் கடனிலும் அது விரைவில் தெரியும். வங்கி அல்லாத வீட்டுக் கடன் நிறுவனங்கள் தங்களுடைய சொந்த அடிப்படை விகிதத்தை வைத்துக்கொள்வதால், ரெப்போ இறங்கும்போது அங்கே அதே வேகத்தில் வட்டி இறங்கும் என்று எதிர்பார்க்க முடியாது. சம்பளச் சான்று காட்ட முடியாத வியாபாரிகளும் சுயதொழில் செய்வோரும் பெரும்பாலும் இந்த நிறுவனங்களிடம்தான் போக நேர்கிறது. அவர்கள் ஒப்பந்தத்தில் இந்த வரியைத் தேடிப் படிக்க வேண்டும்.

2022 மே தொடக்கத்தில் 4 சதவீதமாக இருந்த ரெப்போ, 2023 பிப்ரவரிக்குள் 6.5 சதவீதமாக உயர்ந்தது. அந்தக் காலத்தில் பல வீடுகளில் தவணை மாறவே இல்லை. மாறியது காலம். வங்கி தவணையை அப்படியே வைத்துக்கொண்டு மாதங்களைக் கூட்டியது. கடன் வாங்கியவருக்கு வந்த குறுஞ்செய்தியைப் பலர் திறந்துகூடப் பார்க்கவில்லை.

நம் உதாரணத்தில் தொடக்கத்திலேயே வட்டி 8.5-லிருந்து 9.5 சதவீதமாகிவிட்டது என்று வைத்துக்கொள்வோம். தவணையை 26,035-ஆகவே விட்டால் 240 மாதக் கடன் 309 மாதமாகிவிடும். ஏறத்தாழ 5 ஆண்டு 9 மாதம் கூடுதல். மொத்தம் கட்டுவது 80 லட்சத்தைத் தாண்டும். மாறாக, 20 ஆண்டுக் காலத்தை விட்டுக்கொடுக்காமல் தவணையை உயர்த்திக்கொண்டால் அது 27,964 ஆகும். மொத்தம் 67 லட்சத்து 11 ஆயிரம். மாதம் 1,929 ரூபாய் கூடுதலாகக் கட்டுவதா, கடைசியில் 13 லட்சம் கூடுதலாகக் கட்டுவதா என்பதுதான் இங்கே உள்ள தெரிவு.

இந்தத் தெரிவு உங்களுக்கு உண்டு. வட்டி திருத்தப்படும்போது தவணையை உயர்த்துவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டையும் சேர்த்துச் செய்வதா என்று கடன் வாங்கியவரிடம் கேட்க வேண்டும் என்று 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி அறிவுறுத்தியது. கட்டிய அசல், கட்டிய வட்டி, மிச்சமுள்ள தவணைகள் ஆகியவற்றைக் காட்டும் அறிக்கையைக் காலாண்டுக்கு ஒரு முறை தர வேண்டும் என்பதும் அதில் உண்டு. அந்த அறிக்கையில் முதலில் பார்க்க வேண்டியது மிச்சமுள்ள தவணைகளின் எண்ணிக்கையை. அது கூடியிருந்தால், வேலை பார்க்கும் ஊர் எதுவானாலும் உங்கள் கிளைக்கு எழுத்து மூலம் கடிதம் கொடுத்து, காலத்தைப் பழையபடி ஆக்கித் தவணையை உயர்த்தச் சொல்லலாம்.

2025 பிப்ரவரி முதல் ஜூன் வரை ரெப்போ 6.5-லிருந்து 5.5 சதவீதமாக இறங்கியதுபோல வட்டி குறையும் காலமும் வரும். அப்போது தவணையைக் குறைத்துக்கொள்ளாமல் பழைய தொகையையே கட்டி வந்தால், ஏறிய காலம் தானாகச் சுருங்கும். 2019-க்கு முந்தைய பழைய அடிப்படை விகிதங்களில் இன்னும் கடன் ஓடிக்கொண்டிருந்தால், ஒரு சிறு கட்டணம் செலுத்தி ரெப்போ முறைக்கு மாற முடியுமா என்று கிளையில் கேட்பது உடனடியாகச் செய்ய வேண்டிய வேலை.

கடனுக்கு முன்னும் உடனும் போகும் பணம்

தமிழ்நாட்டில் விற்பனைப் பத்திரத்துக்கு முத்திரைத் தீர்வை 7 சதவீதம், பதிவுக் கட்டணம் 2 சதவீதம். 40 லட்சம் மதிப்புக்கு இது 3 லட்சத்து 60 ஆயிரம். வங்கி கடன் தரும்போது பொதுவாக இந்தச் செலவை வீட்டின் மதிப்பில் சேர்ப்பதில்லை. முழுவதும் உங்கள் கையிலிருந்துதான் வர வேண்டும். முள்ளோடையைத் தாண்டிப் பாகூர், கிருமாம்பாக்கம் பக்கம் மனை பார்க்கிறவர்கள் இந்த விகிதத்தை வைத்துக் கணக்குப் போடக் கூடாது. புதுச்சேரி ஒன்றியப் பிரதேசத்துக்குத் தீர்வை விகிதமும் சலுகைகளும் தனி. அங்குள்ள சார்பதிவாளர் அலுவலகத்தில் கேட்டுக்கொள்ள வேண்டும்.

இதுவரை சேர்த்தால் 40 லட்சம் வீட்டுக்குக் கைமுதல் 10, பத்திரச் செலவு 3.6, தவணைகள் 62.48, ஆக 76 லட்சம் ஆகிவிட்டது. கைமுதல் எங்கிருந்து வந்தது என்பதையும் எழுத வேண்டும். நம் பக்கத்தில் அது பெரும்பாலும் சீட்டு எடுத்த பணம், பி.எஃப். முன்பணம், பீரோவில் இருந்த நகை ஆகிய மூன்றும் கலந்ததாகவே இருக்கிறது. 4 லட்சத்துக்கு நகையை 9 சதவீத வட்டிக்கு அடகு வைத்திருந்தால் ஆண்டுக்கு 36,000 ரூபாய் வட்டி; நகை மீட்கும்வரை அதுவும் இந்த வீட்டின் செலவுதான். தவணையும் நகை வட்டியும் ஒன்றாக ஓடும் முதல் இரண்டு மூன்று ஆண்டுகளில்தான் குடும்பங்கள் திணறுகின்றன.

புராசஸிங் கட்டணமும் அதன் மேல் 18 சதவீத ஜி.எஸ்.டி.யும், வக்கீல் பார்வைக்கான கட்டணம், மதிப்பீட்டாளர் கட்டணம், உரிமை ஆவண ஒப்படைப்பை, அதாவது பத்திரத்தை வங்கியிடம் அடமானமாகக் கொடுத்ததைப் பதிவு செய்யும் செலவு ஆகியவையும் உண்டு. 2024 அக்டோபர் முதல் சில்லறைக் கடன்கள் அனைத்துக்கும் முக்கிய விவர அறிக்கை என்ற தாளை ஒப்பந்தத்துக்கு முன்பே தர வேண்டும். அதில் இல்லாத கட்டணத்தை உங்கள் வெளிப்படையான ஒப்புதல் இன்றிப் பின்னால் வசூலிக்கக் கூடாது. எல்லாக் கட்டணங்களையும் சேர்த்துக் கணக்கிட்ட ஆண்டு விகிதமும் அதில் இருக்கும். இரண்டு வங்கிகளை ஒப்பிடும்போது விளம்பரத்தில் உள்ள வட்டியை விட்டுவிட்டு இந்த விகிதத்தை ஒப்பிடுங்கள்.

கடனோடு சேர்த்து விற்கப்படும் ஆயுள் காப்பீட்டைத் தனியாகக் கவனிக்க வேண்டும். பிரீமியம் 1 லட்சம் ரூபாயைக் கையில் கேட்காமல் கடனிலேயே சேர்த்துவிட்டால் மாதம் 868 ரூபாய் கூடும், அவ்வளவுதானே என்று தோன்றும். 20 ஆண்டில் அந்த 1 லட்சம் 2 லட்சத்து 8 ஆயிரமாகிறது. சம்பாதிப்பவர் ஒருவரே என்றால் காப்பீடு அவசியம்தான். ஆனால் அதே தொகைக்கு டேர்ம் பாலிசியை (குறித்த காலத்துக்குள் இறந்தால் மட்டும் பணம் தரும் ஆயுள் காப்பீட்டை) தனியே எடுத்து ஆண்டுதோறும் கட்டினால் என்ன ஆகும் என்று விலை கேட்டுப் பார்த்துவிட்டு முடிவு செய்யுங்கள்.

சொந்த மனையில் வீடு கட்டுகிறவர்களுக்கு இன்னொரு செலவு உண்டு. கடன் தொகை அஸ்திவாரம், லிண்டல், ரூஃப், பூச்சு என்று கட்டம் கட்டமாக வரும். முழுத் தொகை வரும்வரை, வாங்கிய அளவுக்கு வட்டி மட்டும் கட்டுவார்கள். அதில் அசல் ஒரு ரூபாய்கூடக் குறையாது. சராசரியாக 15 லட்சம் ஓராண்டு முழுக்க நின்றால் வட்டி 1,27,500 ரூபாய். அந்த ஓராண்டு வாடகையும் கூடவே போகும். அக்டோபர் முதல் டிசம்பர் வரை மழையால் நம் பகுதியில் வேலை நின்று நின்று நடக்கும் என்பதால், ரூஃப் கான்கிரீட் அதற்கு முன் முடியும்படி தொடங்குவது வட்டியையும் மிச்சப்படுத்தும்.

மழையும் உப்புக் காற்றும்

2011 டிசம்பர் 30 அன்று தானே புயல் கடலூருக்கும் புதுச்சேரிக்கும் இடையே கரை கடந்தது. 2015-இல் வெள்ளம், 2024 நவம்பர் 30 அன்று ஃபெஞ்சல், அதைத் தொடர்ந்து தென்பெண்ணையில் வெள்ளம். 20 ஆண்டுக் கடன் வாங்குகிறவர் இந்தக் காலத்துக்குள் ஒரு பெரிய புயலாவது வரும் என்று எடுத்துக்கொண்டே கணக்குப் போட வேண்டும். ஆற்றோரத்திலும் தாழ்வான நகர்களிலும் விலை குறைவாக இருந்தால் ஏன் குறைவு என்று அக்கம்பக்கத்தில் கேளுங்கள். சுவரில் தண்ணீர் நின்ற கோடு எந்த உயரத்தில் இருக்கிறது என்று பாருங்கள். கடற்கரையை ஒட்டிய வீடுகளில் உப்புக் காற்றால் கம்பி துருப்பிடித்துக் கூரைப் பூச்சு உதிர்வது வழக்கமான செலவு.

வீட்டுக் காப்பீட்டில் 2021 ஏப்ரல் முதல் எல்லாப் பொதுக் காப்பீட்டு நிறுவனங்களும் தரும் பாரத் கிருக ரக்ஷா என்ற பொதுத் திட்டம் புயல், வெள்ளம் இரண்டையும் உள்ளடக்கியது. காப்பீட்டுத் தொகையைக் கட்டடத்தைத் திரும்பக் கட்ட ஆகும் செலவுக்குப் போட வேண்டும். மனையின் விலையைச் சேர்க்கத் தேவையில்லை.

முன்கூட்டிக் கட்டுவது

தனிநபர் மாறும் வட்டி வீட்டுக் கடனை முன்கூட்டி அடைப்பதற்கு அபராதக் கட்டணம் கிடையாது. மொத்தச் செலவைக் குறைக்க இதைவிடப் பெரிய கருவி கடன் வாங்கியவர் கையில் இல்லை. ஆனால் எப்போது கட்டுகிறோம் என்பதில்தான் பலன் இருக்கிறது. நம் உதாரணத்தில் முதல் ஆண்டு முடிவில் 1 லட்சம் ரூபாய் கூடுதலாகக் கட்டினால் கடைசியிலிருந்து 18 தவணைகள் குறைகின்றன. தொகையில் இது ஏறத்தாழ 4 லட்சத்து 70 ஆயிரம் ரூபாய். அதே 1 லட்சத்தை 15-ஆவது ஆண்டு முடிவில் கட்டினால் குறைவது ஏறத்தாழ 6 தவணைகள்தான். போனஸ், தீபாவளி முன்பணம், விற்ற மனையின் பணம் எதுவானாலும் முதல் ஐந்தாறு ஆண்டுகளில் போட்டால்தான் அதற்கு வலு.

மொத்தமாகப் பணம் வராதவர்கள் ஆண்டுக்கு ஒரு தவணை மட்டும் கூடுதலாகக் கட்டினால்கூடக் கடன் 16 ஆண்டு 9 மாதத்தில் முடியும். சுமார் 6 லட்சம் மிஞ்சும். கட்டும்போது, "தவணையைக் குறைக்க வேண்டாம், காலத்தைக் குறையுங்கள்" என்று எழுதிக் கொடுத்து, அடுத்த அறிக்கையில் மிச்சமுள்ள மாதங்கள் குறைந்திருக்கின்றனவா என்று பார்த்துக்கொள்ளுங்கள். ஆனால் நகைக் கடன், தனிநபர் கடன், கிரெடிட் கார்டு பாக்கி ஏதாவது இருந்தால் முதலில் அதை அடையுங்கள். அவற்றின் வட்டி பொதுவாக வீட்டுக் கடனைவிடக் கூடுதல். ஆறு மாதத் தவணைக்கான பணத்தையும் தொடாமல் வைத்திருங்கள்.

வேறு வங்கிக்கு மாற்றுவதில் ஒரு பொறி உண்டு. 5 ஆண்டு கழித்துப் பாக்கி 26 லட்சத்து 44 ஆயிரம். இன்னொரு வங்கி 8 சதவீதத்துக்குத் தருகிறது. புதிதாக 20 ஆண்டு போட்டால் தவணை 22,114 ஆகக் குறைகிறது என்று காட்டுவார்கள். ஆனால் இனிக் கட்டப் போகும் மொத்தம் 53 லட்சத்து 7 ஆயிரம். மாறாமல் இருந்திருந்தால் 46 லட்சத்து 86 ஆயிரம். வட்டி குறைந்தும் 6 லட்சம் நஷ்டம். மிச்சமிருந்த 15 ஆண்டையே வைத்து மாறினால் தவணை 25,266. அப்போது 1 லட்சத்து 38 ஆயிரம் மிச்சம். அதிலிருந்து புதிய புராசஸிங், வக்கீல், ஆவணப் பதிவுச் செலவுகளைக் கழித்துவிட்டுப் பாருங்கள். பழைய வங்கியிடமே வட்டியைக் குறைக்கச் சொல்லிக் கேட்பது பல சமயம் அதைவிட மலிவு.

வரிச் சலுகையும் பணவீக்கமும்

வரி மிச்சமாகும் என்ற பேச்சை அளவோடு எடுத்துக்கொள்ளுங்கள். பழைய வரி முறையில், குடியிருக்கும் சொந்த வீட்டுக்கு ஆண்டுக்கு 2 லட்சம் வரை வட்டியைக் கழிக்கலாம். 20 சதவீத வரம்பில் உள்ளவருக்கு இது செஸ் உட்பட 41,600 ரூபாய். புதிய முறையில் குடியிருக்கும் வீட்டு வட்டிக்கு அந்தச் சலுகை இல்லை. முதலாண்டு வட்டி மட்டும் 2 லட்சத்து 53 ஆயிரம் என்பதையும் பக்கத்தில் எழுதிக்கொள்ளுங்கள்.

பணவீக்கம் கடன் வாங்கியவர் பக்கம் நிற்கிறது என்பதும் உண்மை. ஆண்டுக்கு 5 சதவீதம் என்று வைத்தால், 20 ஆண்டு கழித்துக் கட்டும் 26,035 ரூபாய் இன்றைய மதிப்பில் 9,800 ரூபாய் அளவுதான். சம்பளமும் அதே வேகத்தில் ஏறும் வேலையில் இருப்பவருக்கு இது பெரிய ஆறுதல். வருமானம் அப்படி ஏறும் என்று சொல்ல முடியாத கடைக்காரருக்கும் மீன்பிடித் தொழிலில் உள்ளவருக்கும் இதை நம்பிக் காலத்தை நீட்டச் சொல்ல நான் தயங்குவேன்.

கடன் முடிந்த பிறகு

கடைசித் தவணையோடு வேலை முடிவதில்லை. முழுத் தொகையும் கட்டிய 30 நாளுக்குள் மூல ஆவணங்களைத் திருப்பித் தர வேண்டும். வங்கியால் தாமதமானால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் இழப்பீடு உண்டு. 2023 டிசம்பர் முதல் இது நடைமுறையில் உள்ளது. கடன் வாங்கும்போது பெற்ற ஆவணப் பட்டியலை வைத்து ஒவ்வொன்றாகச் சரிபார்த்து வாங்குங்கள். தாய்ப்பத்திரத்தின் நகல் அல்ல, மூலமே வந்திருக்கிறதா என்று பாருங்கள். உரிமை ஆவண ஒப்படைப்பைப் பதிவு செய்திருந்தால், கடன் தீர்ந்ததற்கான ரசீதையும் சார்பதிவாளர் அலுவலகத்தில் பதிவு செய்ய வேண்டும். அதற்கான கட்டணத்தையும் முதல் நாள் போட்ட கணக்கின் கடைசி வரியாக எழுதி வையுங்கள். பதிவு முடிந்த சில நாளில் வில்லங்கச் சான்று ஒன்று எடுத்து, அடமானப் பதிவுக்குக் கீழே ரசீதுப் பதிவும் ஏறியிருக்கிறதா என்று பார்த்துவிடுங்கள். அது ஏறாமல் விட்டால் பிள்ளைகள் வீட்டை விற்கப் போகும் நாளில், எப்போதோ தீர்ந்த கடனுக்காக அவர்கள் வங்கிக்கு அலைய நேரும்.